பால்கன் என்னும் மலை

பால்கன் சுற்றுலா என்ற பெயரில் விற்கப்படும் குறுகிய பயணங்களில் பல, பால்கனைப் பார்க்காமலேயே முடிந்துவிடுகின்றன. துப்ரோவ்னிக்கில் இறங்கி மதில் மேல் ஒரு நடை, மோஸ்தாரில் பாலம், சரயேவோவில் இரவு, பெல்கிரேடில் கோட்டை, அப்புறம் விமான நிலையம். இந்த நான்கு ஊர்களில் ஒன்றுகூடப் பால்கனில் இல்லை; அடிவாரத்தில்கூட இல்லை. பால்கன் என்பது ஒரு மலைத்தொடர். செர்பியாவின் கிழக்கு ஓரத்தில் தொடங்கி, பல்கேரியாவை வடபாதி தென்பாதி என்று பிரித்துக்கொண்டு, 500 கிலோமீட்டருக்கு மேல் ஓடிக் கருங்கடலில் முடிகிறது. அதன் உச்சி போதேவ் சிகரம், 2376 மீட்டர்.

அந்த மலையின் பெயர்தான் கிரீஸ் முதல் குரோஷியா வரை ஒரு தீபகற்பத்துக்கே பெயராகிவிட்டது. ஆகுபெயர் என்று இலக்கணத்தில் அடக்கிவிடலாம். குறிஞ்சிப் பூ மலைநிலத்துக்குப் பெயரானதும் அப்படித்தானே. ஆனால் குறிஞ்சி, தான் பூக்கிற நிலத்துக்குத்தான் பெயரைக் கொடுத்தது. பால்கனோ தன் நிழல்கூட விழாத மண்ணுக்கெல்லாம் போய் ஒட்டிக்கொண்டிருக்கிறது. எப்படி ஒட்டியது, யார் ஒட்டினார்கள் என்று தேடிப் போனால் இரண்டாயிரம் ஆண்டுப் பிழை ஒன்றில் கொண்டுபோய் நிறுத்துகிறது.

அந்தப் பக்கத்து ஊர்ப்பெயர்களை முதலில் பார்த்துவிடுவோம். பெரும்பாலும் அவை காரணப்பெயர்கள், அந்தந்த மண்ணில் முளைத்தவை. ஸ்லாவிய மொழிகளில் ‘துப்ராவா’ என்றால் ஓக் மரச்சோலை. துப்ரோவ்னிக் அதிலிருந்து வந்தது. அதே ஊருக்கு இத்தாலிய வாயில் ரகூசா என்று பெயர். கடல் வணிகத்தில் கொழித்த அந்தக் குடியரசை 1808-இல் நெப்போலியன் ஆட்சி கலைத்தது. பெல்கிரேடு, உள்ளூரார் சொல்லும் பெயோகிராத், ‘வெண்ணகரம்’. 878-ஆம் ஆண்டு போப் எட்டாம் ஜான் எழுதிய கடிதம் ஒன்றிலேயே இந்தப் பெயர் வந்துவிடுகிறது. அதற்கு முன் அது கெல்ட் மக்கள் வைத்த சிங்கிதூனம். சரயேவோவில் இருப்பது ‘சராய்’. பாரசீகத்திலிருந்து துருக்கிக்குப் போன அதே சொல்தான் நம் முகல்சராயிலும் இருக்கிறது. 15-ஆம் நூற்றாண்டில் ஈசா பேக் என்ற உதுமானிய ஆளுநர் அங்கே ஒரு மாளிகை கட்டினார்; மாளிகையைச் சுற்றிய வெளி ‘சராய் ஓவாசி’ ஆனது; ஸ்லாவிய நாக்கு அதைச் சரயேவோ ஆக்கிக்கொண்டது.

மோஸ்தார் எனக்கு எல்லாவற்றிலும் பிடித்த பெயர். ‘மோஸ்த்’ என்றால் பாலம். பாலத்தைக் காவல் காத்தவர்கள் ‘மோஸ்தாரி’. ஊருக்குப் பெயர் கொடுத்தது அரசனோ புனிதரோ இல்லை, காவல்காரர்கள். இப்போது நிற்கும் பாலத்தின் மூலவடிவம் 1566-இல் கட்டி முடிக்கப்பட்டது. கட்டியவர் மீமார் ஹய்ருத்தீன். நடுவில் கூம்பி உயர்ந்து இரு பக்கமும் செங்குத்தாகச் சரிகிற வெண்கல் வளைவு. வழவழத்துப்போன தளத்தில் கால் வழுக்காமலிருக்கக் குறுக்கே கல்வரிகள் பதித்திருக்கிறார்கள். அந்த வரிகளில் குதிகாலை ஊன்றித்தான் இறங்க வேண்டும். 1993 நவம்பர் 9 அன்று பீரங்கிக் குண்டுகள் அதைத் தகர்த்து நெரெத்வா ஆற்றில் தள்ளின. பழைய முறையிலேயே, அதே வகைக் கல்லால் மறுபடி கட்டி 2004-இல் திறந்தார்கள். பாலம் இல்லாத அந்தப் பதினோரு ஆண்டுகளும் ஊர் தன் பெயரைச் சுமந்துகொண்டுதான் இருந்தது.

இனி மலைக்கு வருவோம். கிரேக்கர்கள் அதை ஹைமோஸ் என்றார்கள், உரோமானியர்கள் ஹேமுஸ் என்றார்கள். மலைமுகட்டைக் குறித்த ஒரு திரேசியச் சொல்லே இதன் வேர் என்பது மொழியறிஞர்கள் பலரின் கருத்து. கிரேக்கர்களுக்கு அது போதவில்லை. அவர்கள் மொழியில் ‘ஹைமா’ என்றால் இரத்தம். நம் ஹீமோகுளோபினில் இருப்பது அதே சொல். உடனே கதை பிறந்தது: ஸியூஸ் கடவுளோடு போரிட்ட தைபோன் என்ற அரக்கனின் இரத்தம் இந்த மலைமேல் கொட்டியதாம், அதனால் ஹைமோஸாம். ஒலி ஒத்துப்போனதால் பிறந்த கதை இது. இந்த இரத்தத்தைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த மலையைப் பற்றி இன்னொரு நம்பிக்கையும் உலவியது. அதன் உச்சியில் நின்றால் கருங்கடலும் ஏட்ரியாட்டிக் கடலும், தன்யூப் ஆறும் ஆல்ப்ஸ் மலையும் ஒருசேரத் தெரியும் என்பது. கி.மு. 181-இல் மக்கதோனிய அரசன் ஐந்தாம் பிலிப், உரோமோடு நடத்தவிருந்த போருக்கு வழி வகுக்க நினைத்து, அதைக் கண்ணால் பார்த்துவிடக் கிளம்பினான். உரோம வரலாற்றாசிரியர் லிவி இதை விரிவாகவே எழுதியிருக்கிறார். மூன்று நாள் ஏற்றம். மேலே போகப் போக அடர்ந்த காடு, வானம் தெரியாத மரக்கூட்டம். முகட்டை நெருங்கியபோது எல்லாவற்றையும் மூடுபனி போர்த்தியிருந்தது. இரவில் நடப்பதுபோல் தட்டுத்தடுமாறி நடந்தார்கள். உச்சியில் ஸியூஸுக்கும் சூரியனுக்கும் இரண்டு பலிபீடங்கள் எழுப்பி வழிபட்டுவிட்டு, இரண்டு நாளில் இறங்கிவிட்டார்கள். இறங்கி வந்தவர்களில் ஒருவர்கூட அந்தப் பழைய நம்பிக்கையை மறுக்கவில்லை. போய் வந்தது வீண் என்று பிறர் சிரிப்பார்களே என்பதுதான் காரணமாயிருக்கும் என்று லிவி கருதுகிறார்.

பனி இல்லாவிட்டாலும் அந்த இரு கடல்களும் தெரிந்திருக்காது. 2376 மீட்டர் உயரத்திலிருந்து தொடுவானம் ஏறத்தாழ 180 கிலோமீட்டர். போதேவ் சிகரத்திலிருந்து கருங்கடலே 200 கிலோமீட்டர் போல் தள்ளி. ஏட்ரியாட்டிக் அதைப்போல் இரு மடங்குக்கும் மேல். இருந்தும் அந்த நம்பிக்கை சாகவில்லை. இரு கடலையும் பார்க்க முடியும் என்றால், மலை இரு கடலுக்கும் இடையே நீண்டு கிடக்க வேண்டுமல்லவா? கருங்கடலிலிருந்து ஏட்ரியாட்டிக் வரை, மேற்கே ஆல்ப்ஸைத் தொடும்படி ஒரே சங்கிலியாக மலை ஓடுவதாகவே நிலப்படங்கள் பல நூற்றாண்டு காலம் வரைந்துகொண்டிருந்தன.

இதற்கிடையில் மலைக்குப் புதுப்பெயர் வந்துவிட்டது. உதுமானியத் துருக்கியர்கள் பேச்சில் ‘பால்கன்’ பொதுச்சொல்: காடு போர்த்திய மலை, கரடுமுரடான மலைத்தொடர். எந்த மலையென்று சொல்ல வேண்டுமானால் முன்னால் இன்னொரு பெயரைச் சேர்த்துக்கொண்டார்கள். கார்பேத்தியன் மலைகளுக்கு உங்குருஸ் பால்கன், அதாவது ஹங்கேரிய மலை. ஹைமோஸுக்கு எமினே பால்கன். இந்த எமினேயைக் கவனிக்க வேண்டும்: ஹைமோஸின் தேய்ந்த வடிவம் அது. மலைத்தொடர் கருங்கடலில் முடிகிற இடத்தில் எமினே முனை என்ற பெயரில் இன்றும் இருக்கிறது. பழைய தனிப்பெயர் ஒரு கடல்முனையாகச் சுருங்க, கூட வந்த பொதுப்பெயர் மலை முழுவதையும் எடுத்துக்கொண்டது. ‘பால்க்’ என்ற துருக்கியச் சொல்லோடு சேர்த்து இதற்குச் சேற்றுநிலம் என்று வேர் காண்போர் உண்டு. பாரசீகத்து ‘பாலாகானே’, உயர்ந்த வீடு, என்போரும் உண்டு. காஸ்பியன் கடலுக்குக் கிழக்கே, துர்க்மெனிஸ்தானிலும் பெரிய பால்கன், சிறிய பால்கன் என்று மலைகள் நிற்கின்றன. அங்கே ஒரு மாகாணத்துக்கே பால்கன் என்றுதான் பெயர்.

ஐரோப்பிய எழுத்தில் இந்தப் பெயர் தலைகாட்டுவது 15-ஆம் நூற்றாண்டின் முடிவில். இத்தாலியரான பிலிப்போ புவொனக்கோர்சி, கல்லிமாக்கஸ் என்ற புனைபெயர் கொண்டவர், போலந்து அரசனுக்குத் தூதராக இருந்தவர். ஹேமுஸ் மலையை உள்ளூர் மக்கள் ‘பொல்கானும்’ என்கிறார்கள் என்று அவர் எழுதி வைத்தார். அப்போதும் அது மலையின் பெயர் மட்டுமே.

தீபகற்பத்துக்கு அதைச் சூட்டியவர் ஆகுஸ்ட் ட்சோய்னே. பெர்லின் நகரப் புவியியலாளர். 1806-இல் அங்கே பார்வையற்றோருக்கான பள்ளியை நிறுவியவரும் அவரே. அரசர்களின் எல்லைகள் ஆண்டுக்கொரு முறை மாறிக்கொண்டிருந்த நெப்போலியன் காலம் அது. நாடுகளின் பெயரால் நிலத்தை அழைக்காமல் இயற்கை வகுத்த எல்லைகளால் அழைக்க வேண்டும் என்பது அவருடைய கொள்கை. ஸ்பெயின் பக்கத்துத் தீபகற்பத்தின் கழுத்தில் பிரெனீஸ் மலை இருப்பதுபோல, கிழக்கே இருக்கும் தீபகற்பத்தின் கழுத்திலும் ஒரு மலை வேண்டும். பிலிப் மன்னன் காலத்திலிருந்து வந்த அந்தப் பழைய சங்கிலி கையில் இருந்தது. 1808-இல் ‘பால்கன் தீபகற்பம்’ என்று எழுதினார். கொள்கை நேர்மையானது என்றே நான் நினைக்கிறேன். மலைதான் அங்கே இல்லை.

இல்லை என்று நேரில் நடந்து காட்டியவர் அமி புவே என்ற நிலப்பொதியியல் அறிஞர். 1830-களில் அந்தப் பகுதி முழுக்கச் சுற்றி, 1840-இல் ‘ஐரோப்பியத் துருக்கி’ என்ற பெருநூலை வெளியிட்டார். ஏட்ரியாட்டிக் கரையோர மலைகள் வடமேற்கிலிருந்து தென்கிழக்காக ஓடுகின்றன. பால்கன் கிழக்கு மேற்காக. இரண்டும் ஒரே சங்கிலி இல்லை என்பது தெளிவாயிற்று. அதோடு பெயர் உதிர்ந்திருக்க வேண்டும். நடந்தது நேர்மாறு. 1878 பெர்லின் மாநாட்டுக்குப் பின் துருக்கி அரசு அங்கிருந்து பின்வாங்கப் பின்வாங்க, ‘ஐரோப்பியத் துருக்கி’ என்ற பெயர் பொருந்தாமல் போனது. காலியான இடத்தில் உட்காரத் தயாராக இருந்த ஒரே பெயர் பால்கன். 1893-இல் தியோபால்ட் பிஷர் ‘தென்கிழக்கு ஐரோப்பா’ என்று மாற்றிப் பார்த்தார், எடுபடவில்லை. செர்பியப் புவியியல் மேதை யோவான் சுவியிச், பிழை என்று தெரிந்தேதான் தன் 1918 நூலுக்குப் ‘பால்கன் தீபகற்பம்’ என்று பெயர் வைத்தார்.

அதுவரை பெயரில் பிழை இருந்ததே தவிர இழுக்கு இல்லை. 1912-13 பால்கன் போர்களும் 1914-இல் சரயேவோவில் வெடித்த துப்பாக்கியும் அதையும் சேர்த்தன. அந்தப் போர்கள் நம் நாட்டிலும் செய்தியாயின. சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்த டாக்டர் எம். ஏ. அன்சாரி தலைமையில் இந்திய முஸ்லிம்கள் 1912 இறுதியில் காயம்பட்ட துருக்கிய வீரர்களுக்காக ஒரு மருத்துவக் குழுவை அனுப்பினார்கள். முதல் உலகப் போர் முடிந்த கையோடு ‘பால்கனைசேஷன்’ என்ற வினைப்பெயர் பிறந்தது. நாடு துண்டு துண்டாகச் சிதறி ஒன்றையொன்று கடித்துக் குதறுவது என்று பொருள். பால் ஸ்காட் மௌரர் என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர் 1921-இல் வெளியிட்ட நூலின் தலைப்பிலேயே அதன் இன்னொரு வடிவம் இருந்தது. என்னை வருத்துவது இந்த இடம்தான். அந்தச் சொல் பிறந்த ஆண்டுகளில் சிதறிக்கொண்டிருந்தவை ஆஸ்திரியா-ஹங்கேரியும் ரஷ்யப் பேரரசும். பால்கனில் அப்போது செர்பியர், குரோஷியர், ஸ்லோவேனியர் சேர்ந்து 1918-இல் ஒரே நாடாகிக்கொண்டிருந்தார்கள். வேறு வீட்டில் உடைந்த பானைக்கு இவர்கள் பெயரைச் சூட்டினார்கள். 1947 மே மாதம் மவுண்ட்பேட்டன் சிம்லாவில் காட்டிய அதிகார மாற்றத் திட்டத்தை நேரு எதிர்த்தபோது, இந்தியா பால்கன்போல் ஆகிவிடும் என்ற அச்சமே முன்னால் நின்றது. அந்தத் திட்டத்துக்கே ‘பிளான் பால்கன்’ என்ற பெயர் வரலாற்றில் நிலைத்துவிட்டது. பல்கேரியாவில் பிறந்த வரலாற்றாசிரியர் மரியா தொதரோவா 1997-இல் எழுதிய ‘பால்கனைக் கற்பனை செய்தல்’ என்ற பொருள்படும் நூல், இந்த இழுக்கு எப்படி அடுக்கடுக்காகப் படிந்தது என்பதை எடுத்துக்காட்டியது.

ஹைமோஸின் இரத்தம் இங்கே திரும்பவும் வருகிறது. துருக்கிய மொழியில் ‘பால்’ என்றால் தேன், ‘கான்’ என்றால் இரத்தம். ஆகவே பால்கன் தேனும் இரத்தமும் கலந்த நிலம் என்று ஒரு விளக்கம் உலவுகிறது. சுற்றுலா வழிகாட்டிகள் பலர் ஒலிவாங்கியில் இதைச் சொல்லி முடித்ததும் பேருந்தே ‘ஆகா’ என்கிறது. சொல்லிலக்கணம் இதற்கு இடம் தராது. ஒரே மலைக்கு வந்த இரண்டு பெயர்கள், இரண்டு மொழிகள், இடையில் இரண்டாயிரம் ஆண்டு. இரண்டு முறையும் ஒலியைப் பிடித்துக்கொண்டு யாரோ இரத்தத்தைக் கொண்டுவந்து பூசியிருக்கிறார்கள். திரேசியரின் சொல்லுக்கும் துருக்கியரின் சொல்லுக்கும் தெரிந்தது மலை மட்டுமே.

பல்கேரியரிடம் அது இன்றும் மலைதான். தாராள மனமும் நெஞ்சுரமும் உள்ள மலைநாட்டானை ‘பால்கன்ஜியா’ என்று பெருமையாகச் சொல்வார்கள். மலைக்கு ஸ்தாரா பிளானினா, ‘முதுமலை’, என்ற ஸ்லாவியப் பெயரும் உண்டு. பல்கேரிய நாட்டுப்பண் தொடங்குவது அந்த மலையில்தான். பெல்கிரேடிலோ அந்தச் சொல்லை மலையாகக் கேட்க முடியாது. தெராசியே சதுக்கத்திலிருந்து சரிந்து இறங்கும் பால்கன்ஸ்கா தெரு மாதிரி, அங்கே அது வெறும் பெயர். குரோஷியர், ஸ்லோவேனியர் பலருக்கு அந்தப் பெயரே ஆகாது. பால்கன் எப்போதும் அடுத்த நாட்டில்தான் தொடங்குகிறது.

ஆகவே நாள் குறைவென்றாலும் பயணத் திட்டத்தில் பல்கேரியா இருக்கிறதா என்று பாருங்கள். சோஃபியா மட்டும் போதாது. அந்த ஊரின் பழம்பெயர் செர்திகா, இன்று மெட்ரோ நிலையம் ஒன்றில் உயிரோடிருக்கிறது. இப்போதைய பெயர் 6-ஆம் நூற்றாண்டுச் செங்கல் தேவாலயமான புனித சோஃபியாவிடமிருந்து வந்தது. எல்லாம் சரி, ஆனால் ஊருக்குத் தெற்கே தலைமேல் நிற்கும் மலை வித்தோஷா. அதைப் படமெடுத்துப் பால்கன் என்று ஊருக்கு அனுப்புகிறவர்கள் உண்டு. பால்கன் வடக்கே இருக்கிறது. ஏஜென்சியிடம் முன்கூட்டியே கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: ப்ளோவ்திவிலிருந்து பழைய தலைநகர் வெலிகோ தர்னோவோவுக்குப் பேருந்து எந்த வழியாகப் போகிறது? ரோஜா வயல்களுக்குப் பேர்போன கசன்லக் வழியாக ஏறி, 1877-இல் ரஷ்ய வீரர்களும் பல்கேரியத் தொண்டர்களும் துருக்கிப் படையைத் தடுத்து நிறுத்திய ஷிப்கா கணவாயைக் கடந்து, கப்ரோவோவில் இறங்குகிற வழி என்றால் பணத்தைக் கட்டிவிடலாம்.