ஜெபநூல் ஓரத்திலிருந்து ஸ்கேனர் வரை

வழவழப்பான தாளில் பக்கம் நிறைய இறக்கை விரிக்கும் அந்துப்பூச்சிகளைப் பார்த்திருப்பீர்கள். அந்தப் புத்தகங்களின் மூதாதை ஜெபநூல். 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் இன்றைய பெல்ஜியத்திலுள்ள கென்ட், புரூஜ் நகர ஓவியர்கள், செல்வர்களின் ஜெபநூல் ஓரங்களில் ஈயையும் வண்ணத்துப்பூச்சியையும் நிழலோடு தீட்டினார்கள். நிஜப் பூச்சியே வந்து உட்கார்ந்ததுபோல் இருக்கும்.

ஓரத்திலிருந்த பூச்சிக்கு முழுப் பக்கமும் கொடுத்தவர், ஆண்ட்வெர்ப் வணிகக் குடும்பத்தில் பிறந்த யோரிஸ் ஹூஃப்நாகல். 1592இல் அவர் மகன் யாகோப், தந்தையின் ஓவியங்களைச் செப்புத் தகட்டில் செதுக்கி பிராங்க்ஃபர்ட்டில் வெளியிட்டார். அதன்பின் பல ஓவியர்களுக்குப் பூச்சி வரையப் பூச்சியே தேவைப்படவில்லை. அந்த அச்சுகளைப் பார்த்தே வரைந்தார்கள். அதே நகரில் 1653இல் மேரியன் குடும்பப் பதிப்பகம் இயற்கையியலாளர் யான்ஸ்டனின் பூச்சி நூலைக் கொண்டுவந்தது. அதன் படங்களில் பலவும் பழைய நூல்களிலிருந்து எடுத்தவை.

அந்தக் குடும்பத்துப் பெண்தான் நகலெடுப்பதை விட்டு உயிருள்ள பூச்சியைப் பார்த்தார். 1647இல் பிறந்த மரியா சிபில்லா மேரியன், 13 வயதில் பட்டுப்புழு வளர்க்கத் தொடங்கினார். சேற்றிலிருந்து பூச்சி தானாகவே பிறக்கிறது என்று பலரும் நம்பிய காலம் அது. 1679இல் வந்த அவரது நூல் புழு, கூடு, அந்துப்பூச்சி மூன்றையும், அவை தின்னும் செடியோடு ஒரே பக்கத்தில் காட்டியது.

1699இல் இளைய மகளோடு தென் அமெரிக்காவின் சுரிநாமுக்குக் கப்பலேறினார். கரும்புத் தோட்ட அடிமைகளும் பூர்வகுடிகளும் அவருக்குப் பூச்சிகளையும் செடிகளையும் கொண்டுவந்து கொடுத்தார்கள். 1705இல் 60 தகடுகளோடு சுரிநாம் நூல் ஆம்ஸ்டர்டாமில் வெளிவந்தது. மை காயாத அச்சின் மேல் இன்னொரு தாளை வைத்து அழுத்தி, கோடுகள் மென்மையாகப் பதிந்த எதிர்ப்படிகளையும் எடுத்தார். வண்ணம் தீட்டினால் அவை கையால் வரைந்த ஓவியம் போலவே தோன்றும். அவர் இறந்த 1717இலேயே ரஷ்யப் பேரரசர் பீட்டருக்காக அவரது ஓவியங்கள் வாங்கப்பட்டன. பின்னாளில் இயற்கையியலாளர் லின்னேயஸ் சுரிநாம் நூலின் படங்களைக் கொண்டே பல பூச்சிகளை வகைப்படுத்தினார்.

19ஆம் நூற்றாண்டில் இந்தக் கலை நம் பக்கமும் வந்தது. பூச்சியியலாளர் பிரடெரிக் மூர் 1880 முதல் 1887 வரை வெளியிட்ட இலங்கை வண்ணத்துப்பூச்சி, அந்துப்பூச்சி நூல்களுக்கு மூல ஓவியம் தீட்டியவர்கள் வில்லியம், ஜார்ஜ் டி அல்விஸ் என்ற சிங்களச் சகோதரர்கள். நீலகிரியில் தேயிலைத் தோட்டம் வைத்திருந்த ஜார்ஜ் ஹாம்ப்சன், அம்மலையின் அந்துப்பூச்சிகளுக்கென்றே 1891இல் படங்களோடு ஒரு நூல் எழுதினார்.

1900இல் அமெரிக்கரான ஷெர்மன் டென்டன் இறக்கையை வரைவதையே விட்டுவிட்டார். இறக்கைச் செதில்களையே தாளில் ஒட்டி எடுத்து, உடலை மட்டும் அச்சிட்டு வண்ணம் பூசினார். ஒவ்வொரு பிரதிக்கும் நிஜப் பூச்சிகள் தேவைப்பட்டன. ஒரு நூற்றாண்டு கழித்து கலைஞர் ஜோசப் ஷீர் அந்துப்பூச்சிகளை ஸ்கேனரில் கிடத்தினார். 2003இல் வந்த அவரது நூலில் ஒவ்வொரு செதிலும் ரோமமும் தெரிகிறது. கேமராவுக்கு வேலையே இல்லை.

கருவிகள் மாறின, ஆனால் நமக்கு அதிகம் கற்றுக்கொடுத்தவை, பூச்சியை உயிரோடு கவனித்தவர்களின் படங்களே. அடுத்த முறை இப்படியொரு புத்தகத்தைப் புரட்டும்போது, எழுதியவர் பெயரோடு வரைந்தவர் பெயரையும் தேடிப் படியுங்கள்.