வெள்ளலூர் வழியாக ரோமாபுரி

பீளமேட்டில் என் பக்கத்து வீட்டுக்காரர் நூற்பாலை இயந்திர உதிரிபாகங்கள் செய்கிறவர். மிலான் நகரில் அவருக்கு வேலை. இந்த முறை குடும்பத்தோடு பயணம். ஒரு மாலை, கையில் தாளோடு வந்தார்.

''ஏனுங்க, வேலை முடிஞ்சு ரோமுக்கு ஒரே ஒரு நாள் ஒதுக்கியிருக்கேனுங்க. எதைப் பாக்கறது, எதை உடறது? நீங்களே சொல்லிப்போடுங்க!''

தாளில் 14 இடங்கள்! வீட்டம்மா, 2 குழந்தைகள், 68 வயது அம்மா... இத்தனை பேரையும் இழுத்துக்கொண்டு 14 இடமா? ''ஓட்டமா ஓடி என்னத்தைக் கண்ணு பாக்கறது?'' என்று கேட்டார் அந்த அம்மா. நியாயமான கேள்வி.

நான் பதிலுக்கு ஒன்று கேட்டேன். ''வெள்ளலூர் போயிருக்கீங்களா?''

''அந்தக் குப்பைக் கிடங்குக்குங்களா?'' என்று சிரித்தார்.

கோவைக்காரர்களில் பலருக்கு வெள்ளலூர் என்றால் அதுதான் நினைவுக்கு வரும். ஆனால், அதே வெள்ளலூரில் 1842-ல் மண்ணுக்குள்ளிருந்து 500-க்கும் மேற்பட்ட ரோமானிய வெள்ளிக் காசுகள் கிடைத்தன. 1891-லும் 1931-லும் மறுபடி கிடைத்தன. பெரும்பாலானவை அகஸ்டஸ், டைபீரியஸ் என்ற இரண்டு சக்கரவர்த்திகளின் காலத்தவை. அன்றைக்கு ஒரு ரோமானியப் படைவீரனின் வருடச் சம்பளமே 225 வெள்ளிக்காசுதான். அப்படியென்றால், வெள்ளலூரில் யாரோ ஒருவர் புதைத்து வைத்தது ஒரு வீரனின் 2 வருடச் சம்பளத்துக்கும் மேலே!

இந்தக் காசு இங்கே எப்படி வந்தது? பருவக்காற்றைப் பிடித்து முசிறித் துறைமுகத்துக்கு மரக்கலம் வரும். அங்கிருந்து பாலக்காட்டுக் கணவாய் வழியாக வெள்ளலூர், நொய்யல் கரையோரமாகக் கொடுமணல், அப்புறம் கரூர். இதுதான் பாதை. காங்கேயம் பக்கத்தில் படியூரில் பச்சைக்கல் தோண்டினார்கள். கொடுமணலில் கல்லை அறுத்து, பட்டை தீட்டி, மணியாக்கினார்கள். பதிற்றுப்பத்து 'கொடுமணம்' என்று சொல்லும் ஊர் இதுதான். 1985-ல் தமிழ்ப் பல்கலைக்கழகம் இங்கே தோண்ட ஆரம்பித்தபோது, மணிகள் செய்த பட்டறைகளும், இரும்பு உருக்கிய உலைகளும், தமிழ் பிராமியில் பெயர் கீறிய பானை ஓடுகளும் வெளியே வந்தன.

அந்தப் பக்கம் ரோமில் பிளினி என்கிற அறிஞர் புலம்பிக்கொண்டிருந்தார். வருடத்துக்கு 5 கோடி செஸ்டர்ஸ் பணத்தை இந்தியா உறிஞ்சிக்கொள்கிறதே என்று! அதே பிளினிதான், பச்சைக்கல் இந்தியாவைத் தவிர வேறெங்கும் அபூர்வம் என்றும் எழுதி வைத்தார்.

இதையெல்லாம் சொல்லிவிட்டு, 14 இடத்தையும் அடித்துவிட்டுப் புதுசாக எழுதினோம்.

காலை 8.30: கொலோசியம். கி.பி. 80-ல் திறந்த அரங்கம். டிக்கெட்டில் பெயரும் நேரமும் இருக்கும். முன்கூட்டியே எடுத்து, பாஸ்போர்ட்டோடு போக வேண்டும். 18 வயதுக்குக் கீழே இலவசம். ஒரு மணி நேரம் போதும்.

10 மணி: பக்கத்திலேயே ரோமானிய ஃபோரம். கல் பாதை கரடுமுரடு. அம்மாவுக்கு நல்ல செருப்பு வேண்டும். நடக்கும்போது வலது பக்கம் 3 பிரம்மாண்ட வளைவுகள் தெரியும். மாக்ஸென்டியஸ் மண்டபம். அதன் அடியில்தான் டொமிஷியன் சக்கரவர்த்தி கட்டிய மிளகுக் கிடங்கு இருந்தது. நம் மேற்கு மலை மிளகுக்காகத் தலைநகரின் நடுவே தனிக் கிடங்கு! கி.பி. 408-ல் ரோமை முற்றுகையிட்ட அலாரிக், ஊரை விட்டுவைக்கத் தங்கம், வெள்ளியோடு 3,000 ராத்தல் மிளகும் கேட்டான்.

மதியம்: சாப்பாடு. 'காச்சோ எ பேப்பே' என்று கேட்கச் சொன்னேன். ஆட்டுப்பால் பாலாடைக்கட்டியும் மிளகும் போட்ட பாஸ்தா. காரத்துக்கு ஏங்கும் நாக்குக்கு ஆறுதல். தண்ணீர் பாட்டில் வாங்க வேண்டாம். தெருக்குழாய்த் தண்ணீரே குடிக்கலாம்.

3 மணி: பாந்தியன். கம்பியே போடாமல் 43 மீட்டர் அகலத்துக்குக் கான்கிரீட் கூரை. ''கம்பி இல்லாமலா?'' என்று இயந்திரக்காரர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

மாலை 5: அகஸ்டஸின் கல்லறை மாடம். வெளியில் இருந்து பார்த்தால் போதும். எதிரிலேயே கி.மு. 9-ல் திறந்த சமாதான பீடம். அதன் சுவரில் ராஜகுடும்பம் குழந்தைகளோடு ஊர்வலம் போகிறது.

வாட்டிகன் மியூசியத்துக்குத் தனியாக ஒரு நாள் வேண்டும். அதனால் அது கிடையாது.

''கல்லறையில என்னப்பா பாக்கறது?'' என்றார் அம்மா. இந்தியாவில் அதிகம் கிடைத்த அகஸ்டஸ் காசில், ஒரு பக்கம் அவர் முகம். மறுபக்கம் கேடயத்தோடு 2 இளைஞர்கள். காயஸ், லூசியஸ். மகள் வயிற்றுப் பேரன்கள். ஆண் வாரிசு இல்லாததால் அவர்களையே தத்தெடுத்து, காசிலும் பொறித்தார் தாத்தா. கி.பி. 2-ல் சின்னவன் போனான். கி.பி. 4-ல் பெரியவனும் போனான். அந்த மாடத்தில்தான் அவர்களின் சாம்பல். அதனால்தான் மனைவியின் முதல் கணவருக்குப் பிறந்த டைபீரியஸ் அரசனானார். வெள்ளலூரில் இரண்டு பேரின் காசும் சேர்ந்து கிடைத்தது ஒரு வீட்டின் கதை.

அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. ''ரெண்டு பேரனையும் வாரிக் குடுத்துட்டானா...'' என்றவர், ''அந்த ஒண்ணை மட்டும் காட்டிப்போடு கண்ணு'' என்றார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் கொடுமணல் போனோம். டிக்கெட் இல்லை, வரிசை இல்லை. காடு, மேய்கிற ஆடுகள், நொய்யல். சின்னவள் காலடியில் கிடந்த கறுப்பு சிவப்பு ஓட்டுத் துண்டை எடுத்துப் பார்த்தாள். ''எடுத்த எடத்துலயே வெச்சுரு'' என்றார் அப்பா. வெளிநாட்டில் பெற்ற பிள்ளைக்குச் சொல்கிற அதே குரலில்.

ரோமுக்கு இன்னும் போகவில்லை. ஆனால், அவர்கள் தாளின் முதல் வரியில் இப்போது எழுதியிருப்பது கொலோசியம் அல்ல. வெள்ளலூர் காசுகள், எழும்பூர் மியூசியம், சென்னை.