டெல்லி கணேஷ்

டெல்லி கணேஷ் (ஆகஸ்ட் 1, 1944 – நவம்பர் 9, 2024) தமிழ் நாடகம், திரைப்படம், தொலைக்காட்சி ஆகிய மூன்று துறைகளிலும் பங்காற்றிய குணச்சித்திர நடிகர். 400க்கும் மேற்பட்ட திரைப்படங்களில் நடித்துள்ளார்.

படையிலிருந்து மேடைக்கு

தூத்துக்குடி மாவட்டம் வல்லநாட்டில் பிறந்த இவர், 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் பணியாற்றினார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் நாடகங்களில் நடித்தார். பின்னர் சென்னைக்கு வந்து காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் இடம்பெற்றார். மாதம் தவறாத அரசுச் சம்பளத்தை விட்டு நடிப்பை நம்பி வருவது துணிச்சலான முடிவே. கே. பாலசந்தர் தமது ‘பட்டினப் பிரவேசம்’ (1977) படத்தில் இவரை அறிமுகப்படுத்தி, ‘டெல்லி கணேஷ்’ என்ற பெயரையும் சூட்டினார்.

முக்கிய வேடங்கள்

துரை இயக்கிய ‘பசி’யில் (1979) சென்னைச் சேரியில் வாழும் ரிக்‌ஷாத் தொழிலாளியாக, ஷோபாவின் தந்தையாக நடித்தார். இதற்காகத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு பெற்றார். ‘சிந்து பைரவி’யில் (1985) மிருதங்க வித்துவான் குருமூர்த்தியாக வருகிறார். குடித்துவிட்டு வரும் குருமூர்த்தியை மேடையேற்ற மறுக்கும் பாடகர், பிற்பகுதியில் தாமே குடிக்கு அடிமையாகிறார். குருமூர்த்தி இல்லையேல் அந்த வீழ்ச்சியை அளக்க அளவுகோல் இல்லை.

‘நாயகன்’ (1987) படத்தில் இந்தி அறியாத வேலு நாயக்கருக்கு மொழிபெயர்க்கும் ஐயர். ‘அபூர்வ சகோதரர்கள்’ (1989) படத்தில் வில்லன். ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தில் பாலக்காட்டுச் சமையற்காரர் மணி ஐயர். மூன்றிலும் நாயகன் கமல்ஹாசனே. எனினும் ஒரு வேடத்தின் சாயல் மற்றொன்றில் படியவில்லை.

பிற்காலத்தில் தொலைக்காட்சித் தொடர்களிலும் இணையக் குறும்படங்களிலும் நடித்தார். பேட்மேன் சென்னைக்காரராக இருந்தால் எப்படியிருக்கும் என்ற நகைச்சுவைக் குறும்படத்தில், அவரது ஆங்கிலேயப் பணியாளரான ஆல்ஃபிரட் வேடத்தை ஏற்றவர் இவரே. 1994இல் கலைமாமணி விருது பெற்றார்.

மதிப்பீடு

உப்பில்லாப் பண்டம் குப்பையிலே என்பது பழமொழி. உப்பளங்கள் சூழ்ந்த மரக்காணம் கரையில் வாழ்வோர் அதன் பொருளை நன்கறிவர்: உப்பு தனியாக உண்ணப்படுவதில்லை, ஆனால் அது குறைந்தால் உடனே தெரிந்துவிடும். குணச்சித்திர நடிப்பும் அத்தகையதே. சுவரொட்டியில் பெரிதாக இடம்பெறாதவர்களின் பெயர்கள் எளிதில் மறைந்துவிடும். எனவே அவர்களின் பணி பதிவு செய்யப்பட வேண்டும்.

டெல்லி கணேஷ் தமது 80ஆம் வயதில் சென்னையில் காலமானார். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் அவர் விட்டு வந்த விமானப்படையினர் வந்து இறுதி மரியாதை செலுத்தினர்.