எட்டு மணி... காலையா, ராத்திரியா?

போன சித்திரைத் தேரன்னைக்கு ஸ்ரீரங்கத்துல ஒரு பெரிய பல்பு வாங்கினேன். ராத்திரி முழுக்க ஏசி ரூம்ல கிடந்த கேமராவை எடுத்துக்கிட்டு தெருவுக்கு ஓடினா, லென்ஸ் பூரா புகை மாதிரி ஈரம். துடைச்சு நிமிர்றதுக்குள்ள தேர் முக்குத் திரும்பிடுச்சு. (தேர் வேகத்துக்கே ஈடுகொடுக்க முடியாதவன்யா நான்!)

பனிப்பிரதேசத்துல இது உல்டா. வெளியில சில்லிட்ட கேமராவைக் கதகதப்பான இடத்துக்குக் கொண்டு வந்தா ஈரம் கோத்துக்கும். மறுபடி வெளியில எடுத்தா அந்த ஈரம் ஐஸாயிடும். அதனால 1911ல அண்டார்டிகா போன ஹெர்பர்ட் பான்டிங், கேமராவைக் குடிலுக்கு வெளியிலேயே விட்டு வச்சாராம். ஒரு தடவை அவர் நாக்கு கேமரா உலோகத்துல பட்டு அப்படியே ஒட்டிக்கிச்சு. பிய்ச்சதுல தோல் போச்சு!

நம்ம டார்ஜிலிங்ல இருந்து கிளம்பின ஒருத்தர் கதை இன்னும் உருக்கமானது. பேரு ஜான் நோயல், இந்தியாவுல வேலை பார்த்த பிரிட்டிஷ் ராணுவ அதிகாரி. 1922ல எவரெஸ்ட் குழுவோட போய், சுமார் 23,000 அடி வரைக்கும் கேமராவை ஏத்தினார். பிலிமை அடிவார முகாம் கூடாரத்துலயே கழுவி, யாக் சாண வரட்டி சூட்டுல காய வச்சார். 1924ல 8,000 பவுண்டு கொடுத்து மொத்தப் பட உரிமையையும் வாங்கிக்கிட்டு மறுபடி போனார். இந்த முறை பிலிம் கழுவ டார்ஜிலிங்கிலேயே லேப்!

ஜூன் 7, 1924. சிகரத்துக்குக் கிளம்பப்போற மல்லோரி, மேல் முகாம்ல இருந்து நோயலுக்கு ஒரு துண்டுச் சீட்டு அனுப்பினார். நாளைக்கு எட்டு மணிக்கு எங்களை எங்கே பார்க்கலாம்னு அதுல குறிப்பு. ஆனா காலைன்னு எழுத வேண்டிய இடத்துல 'பி.எம்.'னு எழுதிட்டார். (நம்ம ஏ.எம்./பி.எம். பக் அப்பவே இருந்திருக்கு!)

நோயல் அதைச் சரியாத்தான் புரிஞ்சுக்கிட்டார். சுமார் 22,000 அடி உயரத்துல, 20 அங்குல லென்ஸை சிகரத்தைப் பார்த்து நிறுத்திக் காத்திருந்தார். கேமரா ரெடி, பிலிம் ரெடி. மேகம் விடல. அதே நாள் மதியம் 12:50க்கு, மேலே இருந்த ஓடெல் மட்டும் இரண்டு புள்ளிகளை நொடிநேரம் பார்த்தார். அதோட சரி.

ஜூன் 10ந் தேதி நோயல் லென்ஸ்ல வேற ஒண்ணு விழுந்தது: மேல் முகாம் பனியில சிலுவை மாதிரி விரிச்ச போர்வைகள். நம்பிக்கை இல்லைன்னு அர்த்தம். அதைத்தான் படம் பிடிச்சார். 'தி எபிக் ஆஃப் எவரெஸ்ட்'ல இன்னைக்கும் பார்க்கலாம்.

மல்லோரி உடல் 1999ல கிடைச்சது. அர்வினோட ஒரு பாதம் 2024ல. அவங்க கொண்டு போன சின்ன கோடாக் கேமரா மட்டும் இன்னும் கிடைக்கல.

எத்தனை ஏற்பாடு பண்ணியிருந்தார் மனுஷன்! எனக்குத் தேர் அடுத்த வருஷமும் வரும். நோயலுக்கு?