கண்டி வாவியும் கடைசி அரசனும்

1815 மார்ச் 2ஆம் திகதி, கண்டி அரண்மனையின் கொலு மண்டபமான மகுல் மடுவவில் ஆங்கிலேய ஆளுநர் ரொபர்ட் பிரவுன்றிக்கும் கண்டிப் பிரதானிகளும் கூடினார்கள். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக இலங்கையின் ஏதோவொரு மூலையில் தொடர்ந்துவந்த முடியாட்சி அன்றோடு முடிந்தது. அங்கே வாசிக்கப்பட்ட உடன்படிக்கையில் புத்த சமயத்தைக் காப்பதாக ஒரு வாசகம் இருந்தது. அதே ஏட்டில் இன்னொன்றும் இருந்தது: பதவி இழந்த அரசனின் ஆண் உறவினர் எவராவது அனுமதியின்றி கண்டி மாகாணங்களுக்குள் காலடி வைத்தால் மரண தண்டனை. ‘மலபார்’ அரச குலத்தை அடியோடு விலக்கிய அந்த ஏட்டில் சிங்களப் பிரதானிகள் சிலர் தமிழ் எழுத்தில் ஒப்பமிட்டிருந்தார்கள். கண்டி அரசவையில் தமிழுக்கு இருந்த இடத்துக்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

அந்த மண்டபம் தலதா மாளிகை வளாகத்தில் இன்றும் நிற்கிறது. செதுக்கு வேலை நிறைந்த மரத்தூண்கள், ஓடு வேய்ந்த கூரை, நான்கு பக்கமும் திறந்த வெளி. மாளிகைக்குள் புத்தரின் புனிதப் பல்லை வணங்கப் போகும் கூட்டத்தில் பாதிப்பேர் இதை ஏறெடுத்தும் பார்ப்பதில்லை. கால் மணி நேரமாவது இங்கே நிற்கத்தான் வேண்டும்.

விலக்கப்பட்ட அந்தக் குலம் எங்கிருந்து வந்தது? கண்டி அரசர்கள் பல தலைமுறையாக மதுரையிலிருந்து பெண் எடுத்துவந்தார்கள். 1739இல் வீர நரேந்திரசிங்கன் பட்டத்துக்குரிய வாரிசின்றி இறந்ததும், அவனுடைய மதுரை அரசியின் தம்பி ஸ்ரீ விஜய ராஜசிங்கன் என்ற பெயரில் முடிசூடினான். மதுரையிலேயே நாயக்கர் ஆட்சி அதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்புதான் அரசி மீனாட்சியோடு மறைந்திருந்தது. ஆக, தாய்மண்ணில் பறிபோன முடி கடல் கடந்த மலைநாட்டில் இன்னும் முக்கால் நூற்றாண்டு நிலைத்தது.

கண்டியை ஆண்ட நாயக்க அரசர் நால்வரில் பெரும்பெயர் பெற்றவன் கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கன். இலங்கையில் அற்றுப்போயிருந்த உபசம்பதா என்னும் துறவற உயர்நிலைச் சடங்கை மீட்க, வெலிவிட்ட சரணங்கர தேரரின் முயற்சிக்குத் துணைநின்று சியாமிலிருந்து பிக்குகளை வரவழைத்தான். 1753இல் கண்டியில் அந்தச் சடங்கு மீண்டும் தொடங்கியது. சியாம் நிக்காய என்னும் இன்றைய பிக்கு மரபின் வேர் அது. தேவாலயங்களின் விழாவாக இருந்த எசல பெரஹராவில் புனிதப் பல்லின் பேழை முன்னே செல்லும் வழக்கமும் அவன் காலத்ததே. சைவப் பின்னணியிலிருந்து வந்த ஒருவன் பௌத்தத்துக்குச் செய்த இந்தத் தொண்டைக் கண்டியில் எவரும் மறுப்பதில்லை.

கடைசி அரசன் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன். இயற்பெயர் கண்ணுசாமி. 1798இல் அரியணை ஏறியபோது பதினெட்டு வயது இளைஞன். கைப்பாவையாக இருப்பான் என நம்பி அவனை அமர்த்திய ‘அதிகாரம்’ என்ற முதன்மை அமைச்சர் பதவியிலிருந்த பிலிமத்தலாவைக்கே பின்னாளில் அவன் மரண தண்டனை விதித்தான். 1803இல் கண்டியைப் பிடிக்க வந்த ஆங்கிலேயப் படை இங்கேயே அழிந்தது.

இன்று அஞ்சலட்டைகளில் காணும் கண்டி, பெரும்பாலும் அவன் கட்டியதுதான். மாளிகையின் முகப்பிலுள்ள எண்கோண மண்டபமான பத்திரிப்புவவை அவனுக்காக எழுப்பியவர் தேவேந்திர மூலாச்சாரி. அரசன் மக்களுக்குக் காட்சி தந்த அந்த மண்டபத்தில் இப்போது ஓலைச்சுவடிகள் இருக்கின்றன. 1807இல் மாளிகைக்கு எதிரே கிடந்த வயல்வெளியின் குறுக்கே அணை கட்டி வாவியை உண்டாக்கினான். கரையோரமாக ஓடும் வெள்ளைச் சுவரை மேகச்சுவர் என்பார்கள். அதன் மேல்விளிம்பு முகில்திரளாக வளைந்து வளைந்து செல்லும். உடலில் முக்கோண மாடங்கள் வரிசையாக இருக்கும். ஒவ்வொன்றும் ஓர் அகல் வைக்கும் அளவு. விழா இரவுகளில் விளக்கேற்றுவதற்காகவே அவை செய்யப்பட்டன. சுவர் முழுமை பெறுமுன் ஆட்சி போய்விட்டது. வாவியின் நடுவே உள்ள தீவில் அரசனுக்கு ஒரு மாளிகை இருந்தது. வெள்ளையர் அதை வெடிமருந்துக் கிடங்காக்கினார்கள். வாவியைச் சுற்றி நடக்க மூன்று கிலோமீட்டருக்குச் சற்றே அதிகம். காலை வேளையே நல்லது.

இந்தக் கட்டுமானங்களுக்கு ஊழியம் செய்த குடிகளும் அவர்களை அனுப்பிய பிரதானிகளும் மனம் கசந்தார்கள். 1814இல் அதிகாரம் எகலப்பொல கிளர்ந்தெழுந்து ஆங்கிலேயரிடம் சேர்ந்தபோது, அரசன் அவருடைய மனைவி மக்களைக் கொல்வித்தான். பிள்ளைகளின் தலைகள் தாயின் கண்ணெதிரே வெட்டப்பட்டன. தாயைப் போகம்பரைக் குளத்தில் மூழ்கடித்தார்கள். அஞ்சாமல் முன்வந்து தலைகொடுத்த சிறுவன் மத்தும பண்டாரவை இலங்கைப் பிள்ளைகள் இன்றும் பாடத்தில் படிக்கிறார்கள். வாவியின் அழகைச் சொல்கிறவர்கள் இதையும் சொல்ல வேண்டும். இதை மட்டும் சொல்லிவிட்டு, நகரத்தைக் கட்டியவனை மறைப்பதும் நியாயமில்லை.

மாளிகைக்கு அருகிலேயே நாத, விஷ்ணு, பத்தினி தேவாலயங்களும், கடைத்தெருப் பக்கம் கதிர்காமத் தேவாலயமும் இருக்கின்றன. கதிர்காமத் தெய்வம் நம் முருகன். பத்தினி நம் கண்ணகி. சேரன் செங்குட்டுவன் எடுத்த விழாவுக்கு இலங்கையின் கயவாகு வேந்தன் வந்திருந்ததாகச் சிலப்பதிகாரம் கூறுகிறதல்லவா? அந்தத் தெய்வத்துக்குக் கண்டியில் இன்றும் பெரஹரா உண்டு. ஆடி, ஆவணியில் வரும் எசல விழாவில் தலதா மாளிகையின் ஊர்வலத்தைத் தொடர்ந்து நாத, விஷ்ணு, கதிர்காமம், பத்தினி என்ற வரிசையில் யானைகள் செல்லும்.

1988இல் யுனெஸ்கோ இந்தப் புனித நகரை உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது. பத்தாண்டில், 1998 ஜனவரி 25ஆம் திகதி, விடுதலைப் புலிகளின் லொறிக் குண்டு மாளிகை வாசலில் வெடித்தது. வழிபட வந்த எளியவர்கள் உயிரிழந்தார்கள். சிதைந்த முகப்பைக் கைவினைஞர்கள் பழையபடி செதுக்கி மீட்டார்கள்.

நேரம் கிடைப்பவர்கள் பேராதனை தாண்டிக் கடலாதெனிய விகாரைக்குப் போக வேண்டும். மலைநாட்டு விகாரைகள் பெரும்பாலும் மரமும் ஓடுமாக இருக்க, இது கற்பாறை மேல் நிற்கும் கற்றளி. 1344இல் இதை அமைத்த சிற்பியின் பெயரைக் கல்வெட்டே சொல்கிறது: கணேசுவராச்சாரி. உள்ளே புத்தர், வெளியே தூண்களும் போதிகைகளும் தமிழகக் கோயில் ஒன்றின் முன்மண்டபத்தை அப்படியே நினைவூட்டும். அதே காலத்து லங்காதிலகமும் பக்கத்தில்தான். எம்பெக்கேயில் கதிர்காமத் தெய்வத்தின் மேள மண்டபம் முழுக்க மரச்சிற்பம். மல்லர்கள், இருதலைப் பறவை, பிள்ளைக்குப் பால் கொடுக்கும் தாய் என்று தூணுக்குத் தூண் மாறும். கூரையின் ஒரு முனையில் 26 கைமரங்கள் ஒரே மர ஆணியில் வந்து பொருந்துவதைத் தலை நிமிர்ந்து பார்த்தால் தெரியும். மூன்று இடங்களையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம்.

ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் உடன்படிக்கை நாளில் கண்டியில் இல்லை. பெப்ரவரி 18ஆம் திகதியே பிடிபட்டிருந்தான். 1816இல் கார்ன்வாலிஸ் என்ற கப்பலில் அவனையும் குடும்பத்தையும் சென்னைக்கு அனுப்பி, வேலூர்க் கோட்டையில் வைத்தார்கள். 1832 ஜனவரி 30ஆம் திகதி அங்கேயே இறந்தான். பாலாற்றங்கரையில் அவன் நினைவாக முத்து மண்டபம் இருக்கிறது. இங்கிலாந்துக்குக் கொண்டுபோன அவனது அரியணை 1934இல் இலங்கைக்குத் திரும்பியது. கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் பார்க்கலாம்.