பெட்டியிலிருந்து பிறந்த தொழில்

சுங்கை காடுட் சுற்றுவட்டாரத் தோட்டங்களில் யமஹா என்றால் மோட்டார் சைக்கிள்தான். அதன் பெட்ரோல் தொட்டியிலுள்ள சின்னத்தை உற்று நோக்கினால், மூன்று இசைக்கவைகள் ஒன்றையொன்று குறுக்கிட்டு நிற்பது தெரியும். கவை நம் பழஞ்சொல். கிளைத்துப் பிரிவதைக் குறிப்பது. கவடு, கவட்டை என்பன அதன் உறவுச் சொற்கள். சுருதி சேர்க்கும் கருவி இருசக்கர ஊர்தியின் மேல் ஏறியது எவ்வாறு என்பதே இங்கு நாம் ஆராயும் வினா.

1887ஆம் ஆண்டில் ஜப்பானின் ஹமாமட்சு நகரத் தொடக்கப்பள்ளி ஒன்றில், வெளிநாட்டிலிருந்து வந்த ஆர்கன் பழுதாயிற்று. காற்றுப்பட்டு உலோக நாக்குகள் அதிர்வதால் ஒலிக்கும் அக்கருவி, நம் ஆர்மோனியத்தின் நெருங்கிய உறவு. மருத்துவக் கருவிகளையும் கடிகாரங்களையும் பழுதுபார்த்து வந்த தொராகுசு யமஹா அழைக்கப்பட்டார். அவர் அதைச் சீர்செய்ததோடு நிற்கவில்லை; உள்ளமைப்பை வரைந்துகொண்டு தாமே ஒன்றைச் செய்தார். செய்ததை நண்பர் கவாயுடன் கழியில் கட்டித் தோளில் சுமந்து, ஹகோனே மலை கடந்து, ஏறத்தாழ 250 கிலோமீட்டர் நடந்து தோக்கியோ இசைக் கல்விக்கழகத்தில் காட்டினார். வடிவம் நன்று, சுருதி பிழை என்றார் அதன் தலைவர் இசாவா சூஜி. யமஹா அங்கேயே தங்கிச் சுருதி நூல் கற்று, ஊர் திரும்பிச் செய்த இரண்டாவது ஆர்கன் தேறியது.

நிறுவன வரலாறுகள் இக்கதையைத் தனியொருவரின் விடாமுயற்சியாகவே சொல்லும். நாம் அதை முழுவதும் ஏற்பதற்கில்லை. 1879இலேயே ஜப்பானிய அரசு, இசாவாவின் பொறுப்பில், பள்ளிக்குரிய இசையை வகுக்கத் தொடங்கியிருந்தது. பாட்டு பாடமானால் வகுப்பறைக்கு ஆர்கன் வேண்டும். வாங்குவோர் முன்னரே உருவாகியிருந்தனர். நம் பக்கம் நோக்குவோம். அதே காலப்பகுதியில் கொல்கத்தாவில் துவாரகாநாத் கோஷ், மேலை ஆர்மோனியத்தைத் தரையில் அமர்ந்து கையால் துருத்தி இயக்கும் பெட்டியாக மாற்றினார். அது தமிழ் நாடக மேடைக்கு வந்தது, பஜனைக்கும் வந்தது, ‘பெட்டி வாசிப்பவர்’ என்று ஒரு தொடரையே நமக்குத் தந்தது. ஆனால் அகில இந்திய வானொலியோ 1940இல் அதற்குத் தடை விதித்தது. நம் வகுப்பறையும் அதற்குப் பெருஞ்சந்தையாக அமையவில்லை. நரசிங்கம்பேட்டை நாகசுரமும் குடும்பப் பட்டறைகளிலேயே இன்றளவும் உருவாகிறது. கைத்திறன் குறைவால் நேர்ந்ததன்று இது.

யமஹாவின் தொழில் 1897இல் நிப்பான் கக்கி என்னும் நிறுமமாயிற்று. 1900இல் பியானோ, 1914இல் மவுத் ஆர்கன் என வரிசை நீண்டது. மரத்தைப் பதப்படுத்தவும் ஒட்டவும் இழைக்கவும் கற்ற கைகள், 1921இல் விமான முகப்பில் சுழலும் மர விசிறிகளைச் செய்யலாயின. இவ்வளர்ச்சி அமைதியாக நிகழ்ந்ததன்று. 1926இல் அதன் தொழிலாளர் 105 நாள் வேலைநிறுத்தம் செய்தனர். தோட்டத் தொழிலாளர் வரலாறு அறிந்த நாம் அந்த எண்ணை எளிதில் கடந்துவிட மாட்டோம். போர் முற்றியபோது இசைக்கருவி உற்பத்தி அறவே நின்றது. போருக்குப் பின் வேலையின்றிக் கிடந்த விசிறிப் பட்டறை இயந்திரங்களுக்கு என்ன வேலை கொடுப்பது? அதன் விடையே 1955இல் வந்த 125 சிசி மோட்டார் சைக்கிள். ஜெர்மானிய ஊர்தி ஒன்றைப் பின்பற்றியே அதுவும் செய்யப்பட்டது. பிரித்துப் பார்த்துக் கற்கும் பழக்கம் அவ்வளவு காலமும் மறையவில்லை போலும். அவ்வாண்டே மோட்டார் பிரிவு தனி நிறுமமாயிற்று. பெயரையும் இசைக்கவைகளையும் உடன் கொண்டு சென்றது.

முதல் நிறுமம் இசையோடு தங்கியது. அரசுப் பள்ளியால் பிறந்த அது, 1954இல் தானே குழந்தைகளுக்கு இசை வகுப்பு தொடங்கிக் கருவி வாங்குவோரைத் தானே வளர்க்கத் தலைப்பட்டது. 1987இல், நூற்றாண்டு நிறைவில், யமஹா என்றே பெயர் மாற்றிக்கொண்டது. 2019 முதல் சென்னைக்கு அருகிலுள்ள அதன் ஆலையில் கீபோர்டுகளும் கித்தார்களும் செய்யப்படுகின்றன. அதே வட்டாரத்தில் மோட்டார் நிறுமத்துக்கும் ஓர் ஆலை உண்டு.