உள்ளமும் விஞ்ஞானமும்: தங்கவயல் தமிழ்ப் பௌத்தமும் மனத்தைக் குறிக்கும் சொற்களும்

இன்று பங்காருபேட்டை என வழங்கும் ஊர் ஆங்கிலேயர் காலத்தில் பௌரிங்பேட்டை எனப்பட்டது. 1862 முதல் 1870 வரை மைசூரின் ஆணையராக இருந்த லூவின் பௌரிங்கின் பெயரால் அமைந்த பெயர் அது. கோலார் தங்கவயலுக்கு வாயிலாக அமைந்த அவ்வூருக்குப் பொன்னைக் குறிக்கும் ‘பங்காரு’ என்னும் சொல் பின்னர் எளிதிற் பொருந்திவிட்டது. ஒலி ஏறத்தாழ நிற்க, பொருள் முற்றிலும் பெயர்ந்துவிட்டது. ஊர்ப்பெயரில் இம்மாற்றம் யார்க்கும் இடர் விளைப்பதில்லை. மனத்தைக் குறிக்கும் சொற்களில் இதுவே நிகழும்போது, ஒரு காலத்தார் நடத்திய வாதம் பின்வந்தார்க்கு விளங்காமற் போகிறது. அத்தகைய சில சொற்களின் வரலாற்றை, அவ்வூரிலிருந்து 1894-இல் மாரிக்குப்பம் வரை போடப்பட்ட இருப்புப்பாதையின் மறுமுனையில் வாழ்ந்த தமிழர் வழியாகக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஜான் டெய்லர் நிறுவனத்தார் 1880-இல் தங்கவயலில் சுரங்கத் தொழிலைத் தொடங்கிய பின் வட ஆர்க்காடு, சேலம், சித்தூர்ப் பகுதிகளிலிருந்து தமிழ்த் தொழிலாளர் பெருந்தொகையினராக அங்குக் குடியேறினர். அவருட் பெரும்பாலோர் தாழ்த்தப்பட்ட வகுப்பினர். 1898-இல் கொழும்பு சென்று பஞ்சசீலம் ஏற்றுத் திரும்பிய அயோத்திதாச பண்டிதர் (1845-1914) சென்னை இராயப்பேட்டையில் சாக்கிய பௌத்த சங்கத்தை நிறுவினார். இருபதாம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டிலேயே மாரிக்குப்பத்தில் அதன் கிளை உருவாயிற்று. 1907-இல் பண்டிதர் தொடங்கிய வார இதழ் அவர் மறைவுக்குப்பின் தளர்ந்தது, 1926-இல் ஜி. அப்பாதுரையாரை ஆசிரியராகக் கொண்டு தங்கவயலிலிருந்து ‘தமிழன்’ மீண்டும் வெளிவந்தது. சாம்பியன் ரீப்சில் இயங்கிய சித்தார்த்த புத்தகசாலை பண்டிதரின் நூல்களை அச்சிட்டுப் பரப்பியது. பௌத்தத்தை ஒரு சமூக விடுதலை இயக்கமாகக் கண்டு இவ்வரலாற்றை ஆராய்ந்தோர் பலர். அதனுள் பொதிந்து கிடந்த மனக் கோட்பாட்டுச் சிக்கலை மொழி நோக்கில் ஆராய்ந்தோர் சிலரே.

அச்சிக்கலை எளிதாகக் கூறிவிடலாம். ‘என் மனம்’ என்கிறோமே, அந்த ‘என்’ யாரைக் குறிக்கிறது? மனத்தை உடைமையாகக் கொண்ட ஒருவர் மனத்திற்குப் பின்னே உண்டா? உண்டென்பார் ஆன்மவாதியர், இல்லையென்பது பௌத்தம். சுரங்கத் தொழிலாளிக்கு இது வீண் வாதமன்று. முற்பிறவியில் வினை செய்த அதே ஒருவர் இப்பிறவியில் இழிகுலத்திற் பிறந்து அதன் பயனைத் துய்க்கிறார் என்பதே அவருக்குச் சொல்லப்பட்டு வந்த விளக்கம். பிறவிதோறும் மாறாது தொடரும் ‘அதே ஒருவர்’ இல்லையெனில், பிறப்பால் வந்த இழிவுக்குக் கூறப்படும் நியாயத்தின் அடித்தளமே சரிந்துவிடுகிறது.

ஆன்மா இல்லாத உளவியல்

இதே காலத்தில் மேலைநாட்டிலும் இக்கேள்வி எழுந்திருந்தது. ஆன்மா என்னும் பொருளைக் கொள்ளாமலே உளவியல் இயங்கக்கூடும் என ஜெர்மானிய அறிஞர் லாங்கே 1866-இல் எழுதினார். 1879-இல் லைப்சிக்கில் வுண்ட் ஆய்வுக்கூடம் அமைத்தார். 1890-இல் வெளியான வில்லியம் ஜேம்சின் உளவியல் பெருநூல் நனவை ஒரு நீரோட்டமாக வருணித்தது. இவ்விவாதத்தில் ஈடுபட்டிருந்த ஒருவருக்குத் தமிழ்ப் பௌத்தத்தோடு நேரடித் தொடர்பு இருந்தமை ஈண்டுக் குறிப்பிடத்தக்கது. அவர் பால் காரஸ். ஜெர்மனியிற் பிறந்து அமெரிக்காவிற் குடியேறி ‘மோனிஸ்ட்’ என்னும் தத்துவ இதழை நடத்திய இவர், மனித ஆன்மாவைப் பற்றி 1891-இல் ஒரு நூலும் புத்தரின் வாழ்க்கையையும் உரைகளையும் தொகுத்து 1894-இல் மற்றொரு நூலும் வெளியிட்டார். இராயப்பேட்டைச் சங்கத்தின் தலைவராகப் பெயர் பெற்றிருந்தவர் இவரே. தனித்து நிற்கும் ‘தான்’ என்னும் பொருளை மறுத்த காரஸ், ‘ஆன்மா’ என்பதற்குரிய ஆங்கிலச் சொல்லைக் கைவிட விரும்பவில்லை. உளவாழ்வின் முழு வடிவத்திற்கே அப்பெயரை வைத்துக்கொண்டார்.

தமிழில் இவ்வுத்தி பலித்திருக்காது. ‘ஆத்துமா’ என்பது கிறித்தவ வேதாகமத்தின் வழியாகத் தங்கவயல் தேவாலயங்களில் ஒலித்துக்கொண்டிருந்த சொல். ‘ஆன்மா’ சைவ சித்தாந்தத்தின் முப்பொருள்களுள் ஒன்றைக் குறித்து நின்ற சொல். சிவஞான சித்தியார் பரபக்கத்திற் பௌத்தர் மறுக்கப்பட்டதும் அதன் பொருட்டே. இருவர் கையிலும் இறுகிப்போன சொல்லை மூன்றாமவர் நெகிழ்த்துவது அரிது.

சென்னையில் பி. லட்சுமி நரசு (1861-1934) வேறொரு வழியை மேற்கொண்டார். அறிவியற் பேராசிரியராகிய அவர் 1907-இல் ஆங்கிலத்தில் எழுதிய பௌத்த சாரம் பற்றிய நூலில், மேலை உளவியலையும் உடலியலையும் துணைக்கொண்டு ஆன்ம மறுப்பை நிறுவ முற்பட்டார். சாதியைப் பற்றியும் அந்நூலிலேயே ஓர் இயல் வகுத்தார். அதன் 1948-ஆம் ஆண்டுப் பதிப்புக்கு அம்பேத்கர் முன்னுரை எழுதினார். நரசுவுக்கு மறுபிறப்பு என்பது ஓர் ஆள் வேறோர் உடலுக்குக் குடிபெயர்வதன்று. பண்டிதரோ தமிழ் வழக்கிலிருந்த வினை, பிறவி என்னும் சொற்களை விடாது பற்றி, அவற்றுக்குப் பௌத்தப் பொருள் காண முயன்றார். இருவரையும் பகுத்தறிவாளர், மரபாளர் எனப் பிரித்துப் பேசுவது வழக்கம். அவ்வேறுபாட்டிற் பெரும்பகுதி மொழியைச் சார்ந்தது என்பது என் கருத்து. ஆங்கிலத்தில் எழுதியவர்க்குப் புதிய உளவியலின் சொற்கள் அருகிலேயே கிடைத்தன. தமிழில் எழுதியவர் பழஞ்சொற்களோடு போராட வேண்டியிருந்தது.

மணிமேகலை தந்த சொற்கள்

ஆயினும் பழஞ்சொற்களில் ஒரு பெருஞ்செல்வம் இருந்தது. 1898-இல், பண்டிதர் கொழும்பு சென்ற அதே ஆண்டில், உ. வே. சாமிநாதையரின் மணிமேகலைப் பதிப்பு வெளிவந்தது. அந்நூலின் பௌத்தக் கருத்துகளை ஐயருக்கு விளங்க உதவியவர் மளூர் ரங்காசாரியர். அவர் பெயரின் முன் நிற்கும் மளூர், பெங்களூரிலிருந்து பங்காருபேட்டைக்கு வரும் பாதையில் இடையே உள்ள நிலையம். இதனைத் தற்செயல் எனலாம். எனினும் நினைவிற்கொள்ள இனியது.

மணிமேகலை ஐந்து கந்தங்களைத் தமிழிற் பெயரிடுகிறது. ரூபம் உருவு என்றும், வேதனை நுகர்ச்சி என்றும், சஞ்ஞை குறிப்பு என்றும், சம்ஸ்காரம் பாவனை என்றும், விஞ்ஞானம் உள்ள அறிவு என்றும் அமைகின்றன. பன்னிரு நிதானங்களைக் கூறுமிடத்து அதே விஞ்ஞானம் ‘உணர்வு’ எனப்படுகிறது. மொழிபெயர்ப்பாளர் இவ்விரட்டையைக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். ஒரே மூலச்சொல் இடம் நோக்கி இருவாறு பெயர்க்கப்பட்டுள்ளது. கந்தங்களுள் ஒன்றாக எண்ணப்படும்போது அதன் வகையைப் பிரித்துக் காட்ட ‘உள்ள’ என்னும் அடை வேண்டியிருந்தது போலும். காரணகாரியத் தொடரில் ஒரு நிகழ்ச்சியாக வரும்போது வினையடியாகப் பிறந்த ‘உணர்வு’ போதுமானதாயிற்று.

இன்றைய தமிழர் காதில் இச்சொற்கள் எவ்வாறு ஒலிக்கின்றன? நுகர்ச்சி என்றால் கடையிற் பொருள் வாங்குவோர் நினைவுக்கு வருகின்றனர். குறிப்பு என்பது ஏட்டில் எழுதிக்கொள்வது. பாவனை என்பது பொய்யாக நடித்தல். உணர்வு என்பது அன்பு, சினம் போன்ற மனநெகிழ்ச்சி. ஒன்றேனும் பழைய இடத்தில் இல்லை. மிகத் தொலைவு சென்றது ‘விஞ்ஞானம்’. பௌத்தத்தில் அறியும் நிகழ்ச்சியைக் குறித்த அச்சொல், இருபதாம் நூற்றாண்டில் பௌதிகம், இரசாயனம் முதலிய துறைகளின் பொதுப்பெயராயிற்று. பௌத்த நூல்களை அச்சிட்ட சாம்பியன் ரீப்சின் சுரங்கத்திலேயே, தரைக்குக் கீழே இரண்டு கிலோமீட்டருக்கும் மிகுந்த ஆழத்தில், 1965-இல் வளிமண்டல நியூட்ரினோக்கள் கண்டறியப்பட்டன. பழைய வெளியீடொன்றில் ‘விஞ்ஞானம்’ என்று படிக்கும் இன்றைய இளைஞர் நினைப்பது இந்த விஞ்ஞானத்தையே.

சமயக்கணக்கர் தம் திறம் கேட்ட காதையிற் பேசும் பூதவாதியின் கூற்றும் இத்தொடர்பில் மறக்கத்தக்கதன்று. தாதகிப் பூவும் கட்டியும் பிறவும் கூடியவிடத்துக் களிப்பூட்டும் தன்மை புதிதாகத் தோன்றுவது போல, பூதங்கள் கூடியவிடத்து உணர்வு தோன்றும் என்பது அவன் கொள்கை. மூளையின் அணுக்கூட்டத்திலிருந்து நனவு எவ்வாறு எழுகிறது என இன்று கேட்கப்படும் கேள்வியின் தமிழ் வடிவம் இது. கள் காய்ச்சுவோரின் அனுபவத்திலிருந்து எடுத்த உவமை ஆதலால், கேட்டவர்க்கு உரை வேண்டியிருக்காது.

அதனினும் மொழியியலார்க்கு உரியது இறுதிக் காதையில் வரும் நால்வகை வழக்கு: தொகை, தொடர்ச்சி, தன்மை மிகுத்துரை, இயைந்துரை. வித்து, முளை, தாள் என மாறிவரும் அனைத்தையும் ‘நெல்’ என்றே வழங்குதல் தொடர்ச்சி. எழுத்துகள் பல கூடியவிடத்துச் ‘சொல்’ என்றும், நாள்கள் பல கூடியதைத் ‘திங்கள்’ என்றும் வழங்குதல் இயைந்துரை. ‘நான்’ என்பதும் இத்தகைய வழக்கே என்பது இதனாற் பெறப்படும் கருத்து. நாள்கள் முப்பதையும் நீக்கிவிட்டுத் திங்களைத் தனியே தேடுவாரில்லை. எழுத்துகளை நீக்கியபின் எஞ்சும் சொல்லும் இல்லை. ஆன்ம மறுப்பு இங்கே தத்துவ நூலின் வாய்பாட்டிலிருந்து இறங்கி, இலக்கணம் கற்ற மாணவரும் பின்பற்றக்கூடிய வாதமாகிவிடுகிறது.

உள் என்னும் இடம்

தமிழின் தொடரமைப்பே இவ்வாதத்திற்குத் துணைசெய்கிறது என்று கூறுவோர் உளர். ‘எனக்குத் தோன்றுகிறது’, ‘எனக்குப் பசிக்கிறது’ என்னும் தொடர்களில் ‘நான்’ எழுவாயாக நிற்பதில்லை. நிகழ்ச்சி தானே நிகழ்கிறது, அது சென்று சேரும் இடமாக நான்காம் வேற்றுமையில் ‘நான்’ நிற்கிறது. பதினெட்டாம் நூற்றாண்டு ஜெர்மானிய அறிஞர் லிக்டன்பர்க், ‘மின்னுகிறது’ என்பது போல ‘நினைக்கிறது’ என்றே சொல்லவேண்டும் என்றார். தமிழர்க்கு அவ்வாக்கியம் வியப்பளிக்காது. ஆயினும் இதனை மிகைப்படுத்தலாகாது. பங்காருபேட்டைச் சந்தையிற் கேட்கும் கன்னடத்தின் ‘நனகெ கொத்து’, தெலுங்கின் ‘நாகு தெலுசு’ ஆகியனவும் இவ்வமைப்பினவே. அம்மொழியினரிற் பெரும்பாலோர் ஆன்மவாதியராகவே இருந்தனர். இலக்கணம் ஒரு கருத்தைச் சொல்ல இடங்கொடுக்குமேயன்றி, அதனை ஏற்குமாறு யாரையும் வற்புறுத்தாது.

சொற்றொகுதியின் செல்வாக்கு இதனினும் ஆழமானது. இத்துறைக்கு மனோதத்துவம், உளநூல் எனப் பல பெயர்கள் வழங்கிய பின் ‘உளவியல்’ நிலைபெற்றது. கன்னடம் மனசின் சாத்திரம் என்றும், தெலுங்கு மனத்தின் தத்துவம் என்றும் கூற, தமிழ் மட்டுமே ‘உள்’ என்னும் இடப்பெயரை அடியாகக் கொண்டது. இது வெறும் பெயரன்று. மனம் உள்ளே இருப்பது என்னும் கொள்கையும் அதனுடன் வந்துவிடுகிறது. 1949-இல் கில்பர்ட் ரைல் மனம் என்னும் கருத்தைப் பற்றி எழுதிய நூல் இவ் ‘உள்ளே’ என்னும் உருவகத்தையே தாக்குகிறது. அந்நூலைத் தமிழாக்குவோர் ‘உள்ளம் என்பது உள்ளே இல்லை’ என எழுத நேரும். தமிழில் அது கோட்பாட்டு மறுப்பாக ஒலிக்காது; சொல் முரணாகவே ஒலிக்கும். இவ்விடத்து ‘உணர்வு’ என்னும் பழஞ்சொல்லே தக்கது. அது இடத்தைச் சுட்டுவதன்று, நிகழ்ச்சியைச் சுட்டுவது. ‘உணர்தல்’ என்னும் வினையை அருகில் வைத்து எழுதினால், மனநெகிழ்ச்சி என்னும் இக்காலப் பொருளையும் ஓரளவு விலக்கலாம். கலைச்சொல் வல்லுநர் ‘நனவு’ என்பதை விரும்புவர். கனவின் எதிர்ச்சொல்லாகிய அது விழிப்பை மட்டுமே குறிக்கும். கனவிலும் நிகழும் விஞ்ஞானத்திற்கு அது பொருந்தாது.

பண்டிதர் இச்சிக்கலைத் தமக்கே உரிய வகையில் எதிர்கொண்டார். சொற்களின் பொருள் திரிந்ததைக் காலத்தின் இயல்பாக மட்டும் அவர் கருதவில்லை. திரித்தவர் உண்டு என்று கருதினார். ஆகவே சொற்பிரிப்பே அவருக்கு வரலாற்று ஆராய்ச்சியாயிற்று. அவருடைய சொற்பிறப்பு விளக்கங்களிற் பல மொழியியல் ஒப்புக்கொள்ளக்கூடியன அல்ல. ஆனால் அவற்றைப் பிழைப்பட்டியலாகக் கண்டு ஒதுக்குவது, அவர் எழுதியதன் நோக்கத்தைத் தவறவிடுவதாகும். ‘உண்மை’ என்பதனை அவர் ‘உண்மெய்’ என எழுதுவார். உள் என்னும் வடிவம் தமிழில் இடத்தையும், இருப்பையும், ‘உள்ளுதல்’ என்னும் நினைத்தலையும் குறிக்கும். மெய் என்பது உடலையும் வாய்மையையும் குறிக்கும். இவையனைத்தையும் அவ்வோரெழுத்து மாற்றம் ஒருங்கே எழுப்பிவிடுகிறது. வாய்மையைத் தேடுவார் தம் அறிவு நிகழும் இவ்வுடம்பிலேயே தேடவேண்டும் என்னும் பௌத்தக் கருத்தை அதனுட் காணலாம்.

அவருடைய எழுத்துகள் 1999 முதல் ஞான. அலாய்சியசின் தொகுப்பாக மீண்டும் கிடைக்கின்றன. பிற பதிப்புகளும் பிறமொழி ஆக்கங்களும் தொடர்கின்றன. பதிப்பிப்போர் ‘உண்மெய்’ என்பதை எழுத்துப்பிழையெனக் கொண்டு ‘உண்மை’ எனத் திருத்தினால், படிப்பவர்க்கு இடர் ஒன்றும் தோன்றாது. வாக்கியமும் செவ்வனே ஓடும்.